சம்பள முரண்பாட்டுக்கு நீதிமன்றக் கட்டளை கோருதல்: கொழும்பில் பணியாற்றும் அரச உத்தியோகத்தருக்கான வழிகாட்டி

சம்பள அளவுத்திட்டம் தொடர்பாக நீதிமன்றம் செல்ல நினைக்கும் அரச உத்தியோகத்தர் ஒருவர் முதலில் விளங்கிக்கொள்ள வேண்டியது, நீதிமன்றம் எவருக்கும் சம்பளத்தை நிர்ணயிப்பதில்லை என்பதாகும். சம்பளத்தை நிர்ணயிக்கும் பொறுப்பில் உள்ளவர் சட்டப்படி நடந்தாரா, ஒரே நிலையில் உள்ளவர்களை ஒரே விதமாக நடத்தினாரா, தமக்கு இல்லாத அதிகாரத்தைப் பயன்படுத்தினாரா என்பதையே அது பார்க்கிறது. “இந்தச் சம்பளம் வாழ்க்கைச் செலவுக்குப் போதாது” என்ற முறைப்பாடு எவ்வளவு நியாயமானதாக இருந்தாலும், அது தொழிற்சங்கங்களும் திறைசேரியும் அமைச்சரவையும் பேசித் தீர்க்க வேண்டிய விடயமாகவே கொள்ளப்படும். 2021 ஆம் ஆண்டில் ஆசிரியர்களும் அதிபர்களும் இணையவழிக் கற்பித்தலிலிருந்து மாதக்கணக்கில் விலகி நின்று முன்வைத்த சம்பள முரண்பாட்டுக் கோரிக்கை அத்தகையது. மாறாக, “இந்தச் சுற்றறிக்கையின் இந்தப் பந்தி எனக்குத் தரும் சம்பளப் படிநிலை எனக்கு வழங்கப்படவில்லை” என்பதும், “என்னோடு ஒரே நாளில், ஒரே தகைமையுடன், ஒரே சேவையில் நியமனம் பெற்றவருக்கு வழங்கியதை எனக்குக் காரணமின்றி மறுத்துவிட்டார்கள்” என்பதும் நீதிமன்றம் கேட்கக்கூடிய முறைப்பாடுகள்.

உங்கள் மனக்குறையை இவ்விரு வாக்கியங்களில் ஒன்றாக எழுதிப் பாருங்கள். எழுத முடியுமானால் மேலே செல்லலாம். எழுத முடியாவிட்டால், சட்டத்தரணிக்குக் கொடுக்கும் பணத்தைச் சேமித்துக்கொண்டு உங்கள் சங்கத்தின் ஊடாகச் செயற்படுவதே நல்லது என்பது எனது கருத்து.

அரசாங்கத்தில் இருந்துகொண்டு அரசாங்கத்துக்கு எதிராக வழக்கிடலாமா

இந்தத் தயக்கம் நமது உத்தியோகத்தர்களிடம் இன்றும் இருக்கிறது. அதைப் போக்குவதற்கு நமக்கு மிக நெருக்கமான ஒரு வழக்கே போதுமானது. அரசாங்க எழுதுவினைஞர் சேவையில் இருந்த கோடீஸ்வரன் என்ற தமிழ் உத்தியோகத்தருக்கு, சிங்கள மொழித் தேர்ச்சிப் பரீட்சையில் சித்தியடையவில்லை என்ற காரணத்தினால், 1961 டிசம்பரில் வெளியான 560 ஆம் இலக்கத் திறைசேரிச் சுற்றறிக்கையின் கீழ் வருடாந்தச் சம்பள ஏற்றம் மறுக்கப்பட்டது. அவர் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கிட்டு 1964 இல் வென்றார். 1967 இல் உயர் நீதிமன்றம், முடிக்குரிய சேவகர் ஒருவர் தமது சம்பளத்துக்காக வழக்கிட முடியாது என்று கூறி அத்தீர்ப்பை மாற்றியது. அவர், அக்காலத்தில் இலங்கைக்கு இறுதி மேன்முறையீட்டு மன்றாக லண்டனில் இருந்த பிரிவிக் கவுன்சிலுக்கு மேன்முறையீடு செய்தார். 1969 இல் பிரிவிக் கவுன்சில், உழைத்த சம்பளத்துக்காக அரசுக்கு எதிராக வழக்கிடும் உரிமை அரச சேவகருக்கு உண்டு எனத் தீர்மானித்து, மொழிச் சட்டம் செல்லுபடியாகுமா என்ற வினாவை மீண்டும் உயர் நீதிமன்றத்துக்கு அனுப்பியது. அந்த வினாவுக்கு விடை கிடைக்கும் முன்னரே 1972 அரசியலமைப்பு வந்துவிட்டது. ஆயினும் சம்பளம் என்பது அரசு விரும்பினால் தரும் கொடை அன்று, கேட்டுப் பெறும் உரிமை என்ற நிலைப்பாடு, ஒரு தமிழ் எழுதுவினைஞரின் ஒற்றைச் சம்பள ஏற்றத்திலிருந்து இந்நாட்டுச் சட்டத்துக்குள் வந்தது. இதை அறிந்த பின்னர் எவரும் கூனிக்குறுகி மனுக் கொடுக்க வேண்டியதில்லை.

மொழித் தேர்ச்சியைக் காரணமாகக் காட்டிச் சம்பள ஏற்றம் நிறுத்தப்படுவது இன்றும் நடக்கிறது. இன்றைய ஏற்பாடு இருபக்கமானது, அதாவது தமிழ் பேசுவோர் சிங்களத்திலும் சிங்களம் பேசுவோர் தமிழிலும் தேர்ச்சி பெற வேண்டும் என்பது. 01/2014, 18/2020 ஆகிய பொது நிருவாகச் சுற்றறிக்கைகள் இது பற்றியவை. உங்கள் சம்பள ஏற்றம் இதனால் நிறுத்தப்பட்டிருந்தால், உங்கள் நியமனத் திகதிக்குப் பொருந்துவது எந்தச் சுற்றறிக்கை, அது எந்த மட்டத் தேர்ச்சியை எத்தனை ஆண்டுக்குள் கேட்கிறது என்பதை முதலில் பாருங்கள். அலுவலகங்களில் ஒன்றுக்குப் பதிலாக மற்றொன்றைப் பிரயோகித்துவிடுவது உண்டு, அவ்வாறான தவறு நீதிமன்றம் போகாமலே ஒரு கடிதத்தால் திருத்தப்படக்கூடியது.

சம்பளச் சீட்டிலிருந்து தொடங்குங்கள்

நியமனக் கடிதம், சேவைப் பிரமாணக் குறிப்பு, சம்பள மாற்றக் கடிதங்கள், ஒவ்வோர் ஆண்டின் சம்பள ஏற்றப் படிவம், வினைத்திறன்காண் தடைதாண்டல் பரீட்சைப் பெறுபேறு ஆகியவற்றை வரிசையாக அடுக்கி, உங்கள் சம்பளம் எந்த ஆண்டில் எந்தப் படியில் இருந்திருக்க வேண்டும் என்பதை நீங்களே கையால் கணக்கிடுங்கள். இதைக் கணக்காளரிடமோ சட்டத்தரணியிடமோ விட்டுவிடக் கூடாது, ஏனெனில் முரண்பாடு தொடங்கிய ஆண்டைக் கண்டுபிடிப்பதே வழக்கின் அரைப்பங்கு வேலை.

ஓர் எடுத்துக்காட்டைப் பார்ப்போம். 03/2016 பொது நிருவாகச் சுற்றறிக்கையில் அபிவிருத்தி உத்தியோகத்தருக்குரிய எம்.என்.4-2016 அளவுத்திட்டம் 31,040 – 10×445 – 11×660 – 10×730 – 10×750 – 57,550 எனத் தரப்பட்டுள்ளது. ஆரம்பச் சம்பளம் 31,040 ரூபா, முதற் பத்து ஆண்டுகளுக்கு ஆண்டொன்றுக்கு 445 ரூபா, அடுத்த பதினோராண்டுகளுக்கு 660 ரூபா என்று இதை வாசிக்க வேண்டும். ஆறு சம்பள ஏற்றங்களை உழைத்த ஒருவர் 31,040 உடன் 2,670 ஐக் கூட்டி 33,710 ரூபாவில் இருக்க வேண்டும். அவருடைய சீட்டில் 33,265 என்று இருந்தால் ஒரு படி குறைந்துவிட்டது என்று பொருள். மாதம் 445 ரூபா, ஆண்டுக்கு 5,340 ரூபா என்பது சிறு தொகையாகத் தோன்றலாம். ஆனால் அந்த ஒரு படி அத்தோடு நிற்பதில்லை. அடுத்த சம்பளத் திருத்தத்தின்போது, நீங்கள் நிற்கும் படியிலிருந்தே புதிய அளவுத்திட்டத்தின் படிக்கு மாற்றப்படுகிறீர்கள். குறைந்த படி குறைந்த படியாகவே புதிய அட்டவணைக்குள் போகும், ஓய்வூதியக் கணிப்புக்குள்ளும் போகும்.

2025 மார்ச்சில் வெளியான 10/2025 சுற்றறிக்கை இவ்விடயத்தை இப்போது அவசரமானதாக்கியுள்ளது. குறைந்தபட்ச அடிப்படைச் சம்பளத்தை 24,250 ரூபாவிலிருந்து 40,000 ரூபாவுக்கு உயர்த்திய அந்தத் திருத்தம், 2025 ஏப்ரல், 2026 ஜனவரி, 2027 ஜனவரி என மூன்று கட்டங்களில் நடைமுறைக்கு வரும் வகையில் அமைக்கப்பட்டது. பழைய தவறு எதுவும் உங்கள் சம்பளத்தில் இருந்தால் அது இக்கட்டங்கள் ஒவ்வொன்றிலும் பெருகும். 2006 ஆம் ஆண்டின் 06/2006 சுற்றறிக்கையின் கீழ் நடந்த சம்பள மாற்றத்தில் விழுந்த ஒரு பிழை 2016 ஐயும் கடந்து வந்திருக்கக்கூடும் என்பதால், நீண்ட சேவைக்காலம் உள்ளவர்கள் அதுவரை பின்னோக்கிச் செல்ல வேண்டும். அரச கூட்டுத்தாபனங்களிலும் நியதிச் சட்ட சபைகளிலும் பணியாற்றுவோருக்கு இந்தப் பொது நிருவாகச் சுற்றறிக்கைகள் நேரடியாகப் பொருந்துவதில்லை. அவர்கள் முகாமைத்துவ சேவைகள் திணைக்களத்தின் சுற்றறிக்கைகளைப் பார்க்க வேண்டும்.

ஒப்பீடு செய்யும்போது கவனம் தேவை. “எனக்கு இளையவர் என்னைவிடக் கூடுதலாகப் பெறுகிறார்” என்று மட்டும் சொல்வது போதாது. அவருக்கு முன்சேவைக் காலம் கணக்கிலெடுக்கப்பட்டிருக்கலாம், வேறு சேவையிலிருந்து கூடிய சம்பளத்துடன் வந்திருக்கலாம். நீதிமன்றம் கேட்கும் கேள்வி, இருவரும் எல்லா வகையிலும் ஒத்த நிலையில் இருந்தார்களா என்பதே. இன்னொன்று பலருக்குக் கசப்பானது, ஆயினும் சொல்லியாக வேண்டும்: மற்றவருக்கு வழங்கப்பட்டதே சட்டத்துக்குப் புறம்பானதாயின், அதையே தமக்கும் தருமாறு சமத்துவ உரிமையின் பெயரால் கேட்க முடியாது. அவருக்குச் செய்தது தவறு என்று கூறிக் கொடுத்த பணத்தை அவரிடமிருந்து திணைக்களம் அறவிட முனைந்தால், நீங்கள் ஒரு சக உத்தியோகத்தரின் வயிற்றில் அடித்ததாகவே முடியும்.

கையில் இல்லாத ஆவணங்களைப் பெறுதல்

தனிப்பட்ட கோவையிலிருந்து தாள்களைக் கழற்றி எடுப்பதோ, இரகசியக் கடிதங்களைக் கைத்தொலைபேசியில் படம் பிடிப்பதோ உங்களை ஒழுக்காற்று விசாரணைக்கு இட்டுச்செல்லும். அதற்கு அவசியமும் இல்லை. 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ், உங்கள் திணைக்களத்தின் தகவல் அலுவலரிடம் எழுத்து மூலம் கேட்கலாம். 14 வேலை நாட்களுக்குள் அவர் தீர்மானத்தை அறிவிக்க வேண்டும். மறுத்தால் 14 நாட்களுக்குள் அதே நிறுவனத்தின் குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கும், அதன் பின்னர் இரண்டு மாதங்களுக்குள் தகவல் அறியும் உரிமை ஆணைக்குழுவுக்கும் மேன்முறையீடு செய்யலாம். தமிழில் கேட்கவும் தமிழில் பதில் பெறவும் உங்களுக்கு உரிமை உண்டு.

கேள்வியைக் குறுக்கமாகவும் குறிப்பாகவும் எழுதுங்கள். “எனது சம்பளம் ஏன் குறைவு” என்று கேட்டால் பதில் வராது, ஏனெனில் அது தகவலன்று, விளக்கம். “03/2016 சுற்றறிக்கையின்படி எனது சம்பளத்தை மாற்றிய கடிதத்தின் பிரதி”, “எனது பதவிக்குரிய ஆட்சேர்ப்புத் திட்டம் அங்கீகரிக்கப்பட்ட கடிதத்தின் பிரதி”, “சம்பள ஆணைக்குழு எமது சேவை தொடர்பாக அமைச்சின் செயலாளருக்கு அனுப்பிய விதப்புரையின் பிரதி” என்று கேளுங்கள். கடைசியாகச் சொன்னது பல வழக்குகளில் திருப்புமுனையாக இருக்கக்கூடியது. ஆணைக்குழு உங்களுக்குச் சாதகமாக விதந்துரைத்திருக்க, அந்தக் கடிதம் அமைச்சிலேயே தூங்கிக் கிடப்பதும் உண்டு.

முறையீட்டுக் கடிதம்

நீதிமன்றம் செல்வதற்கு முன்னர் உரிமையைத் தெளிவாகக் கேட்டிருக்க வேண்டும், அது மறுக்கப்பட்டிருக்க வேண்டும். ஒரு கடமையைச் செய்யும்படி அதிகாரியைப் பணிக்கும் கட்டளையை நாடுவோருக்கு இது இன்றியமையாதது. ஆகவே திணைக்களத் தலைவருக்கு, அவர் ஊடாக அமைச்சின் செயலாளருக்கு, ஒரு கடிதம் எழுதுங்கள். பொருந்தும் சுற்றறிக்கையின் இலக்கம், பந்தி, நீங்கள் நிற்க வேண்டிய படி, இப்போது நிற்கும் படி, வேறுபாட்டுத் தொகை, அது தொடங்கிய திகதி ஆகியவற்றைச் சொல்லி, திருத்தமும் நிலுவையும் கேட்டு, இரண்டு பக்கத்துக்குள் முடியுங்கள். தாபனக் கோவையின் ஏழாம் அத்தியாயம் சம்பளமும் சம்பள ஏற்றமும் பற்றியது. பதவி உயர்வின்போதான சம்பள வைப்பு உங்கள் பிரச்சினையானால், அதன் உரிய பிரிவையும் காட்டுங்கள்.

கடிதத்தைக் கையளித்தால் உங்கள் பிரதியில் திகதி முத்திரையும் கையொப்பமும் பெறுங்கள். தபாலில் அனுப்பினால் பதிவுத் தபாலில் அனுப்பிப் பற்றுச்சீட்டை வைத்திருங்கள். பதில் வரும்போது கடித உறையையும் எறிந்துவிடாதீர்கள், அதன் மேல் உள்ள தபால் முத்திரையே நீங்கள் எப்போது அறிந்தீர்கள் என்பதற்குச் சாட்சி.

ஒரு மாதம்

இனிச் சொல்லப்போவதை இந்த வழிகாட்டியின் வேறெந்தப் பகுதியையும் விடக் கவனமாக வாசிக்குமாறு கேட்டுக்கொள்கிறேன், ஏனெனில் உண்மையான அநீதிக்கு உள்ளானவர்களும் இங்கேதான் தோற்கிறார்கள்.

அரசியலமைப்பின் 12(1) ஆம் உறுப்புரை சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்கிறது. அது மீறப்பட்டால் 126 ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்துக்கு அடிப்படை உரிமை மனுத் தாக்கல் செய்யலாம். ஆனால் மீறல் நடந்து ஒரு மாதத்துக்குள் செய்ய வேண்டும். மறுப்புக் கடிதம் கிடைத்தபின் செயலாளருக்கு ஒரு மேன்முறையீடு, அதன்பின் அமைச்சருக்கு ஒன்று, சனாதிபதி செயலகத்துக்கு ஒன்று என்று எழுதிக்கொண்டிருந்தால் அந்த ஒரு மாதம் நிற்காமல் ஓடிக்கொண்டேயிருக்கும். வேறு நிவாரணங்களை நாடுவது காலக்கெடுவைத் தடுக்காது என்பதை 1988 இல் கமஎதிகே எதிர் சிறிவர்தன வழக்கில் நீதியரசர் மார்க் பெர்னாண்டோ தெளிவாகச் சொல்லிவிட்டார். தாமதம் மனுதாரரின் தவறால் ஏற்படாத அரிதான சந்தர்ப்பங்களில் மட்டுமே நீதிமன்றம் தளர்வு காட்டுகிறது. மாதாமாதம் குறைந்த சம்பளம் வருவதால் இது தொடர்ச்சியான மீறல் என்ற வாதமும் உண்டு. அதைச் சட்டத்தரணி முன்வைக்கலாம், ஆனால் அதை நம்பிக்கொண்டு நீங்கள் நாட்களைக் கழிக்கலாகாது.

மறுப்புக் கடிதம் மார்ச் 3 ஆம் திகதி இடப்பட்டு மார்ச் 11 ஆம் திகதி உங்கள் கைக்கு வந்ததாக வைத்துக்கொள்வோம். 11 ஆம் திகதியிலிருந்து எண்ணுவதற்கு நியாயம் உண்டென்றாலும், ஏப்ரல் 3 ஐயே இறுதி நாளாகக் கருதி வேலை செய்யுங்கள். அதற்கு, மார்ச் மாதத்தின் நடுப்பகுதிக்குள் சட்டத்தரணியைச் சந்தித்திருக்க வேண்டும். புத்தாண்டு விடுமுறை கழியட்டும் என்று ஒருபோதும் எண்ண வேண்டாம்.

இக்காலக்கெடுவுக்குச் சட்டமே தரும் ஒரு வழி உண்டு. 1996 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்க இலங்கை மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 13(1) ஆம் பிரிவின்படி, அதே ஒரு மாதத்துக்குள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நிலுவையில் உள்ள காலம் அந்த ஒரு மாதத்தில் சேர்க்கப்படுவதில்லை. ஆணைக்குழுவின் தலைமை அலுவலகம் கொழும்பிலேயே இருப்பதால் இங்குள்ளவர்களுக்கு இது எளிது. ஆனால் முறைப்பாட்டைக் கொடுத்துவிட்டு முறைப்பாட்டு இலக்கத்துடன் வீட்டுக்குப் போய்விட்டால் இந்தப் பாதுகாப்புக் கிடைக்காது. விசாரணை உண்மையில் நடந்துகொண்டிருந்தது என்பதை நீங்கள் நிரூபிக்க வேண்டும் என்று உயர் நீதிமன்றம் வலியுறுத்தி வருகிறது. ஆகவே விசாரணைத் தினங்களுக்குச் செல்லுங்கள், எதிர்த்தரப்பிடம் அறிக்கை கோரப்பட்ட கடிதத்தின் பிரதியைப் பெறுங்கள், மனுத் தாக்கல் செய்யும்போது ஆணைக்குழுவின் உறுதிப்படுத்தல் கடிதத்தை இணையுங்கள்.

எந்த மன்றுக்குச் செல்வது

கதவு மாறித் தட்டினால் காலமும் போகும், பணமும் போகும். சம்பளத்தைக் குறைத்தோ மறுத்தோ தீர்மானம் எடுத்தவர் யார் என்பதைப் பொறுத்தே மன்று தீர்மானிக்கப்படுகிறது.

தீர்மானத்தை எடுத்தது அரசாங்க சேவை ஆணைக்குழுவோ, அதன் குழுவோ, அதன் அதிகாரம் கையளிக்கப்பட்ட உத்தியோகத்தரோ ஆயின், அரசியலமைப்பின் 61அ உறுப்புரை ஏனைய நீதிமன்றங்களின் கதவை மூடிவிடுகிறது. பதவி உயர்வு, தரமுயர்வு, அதன் வலுவுறு திகதி ஆகியவற்றிலிருந்து பிறக்கும் சம்பள முரண்பாடுகள் பெரும்பாலும் இவ்வகையைச் சேர்ந்தவை. இங்கே இரு வழிகளே உண்டு. ஒன்று, 126 ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றம். மற்றது, 2002 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் இயங்கும் நிருவாக மேன்முறையீட்டு நியாயசபை. ஆணைக்குழுவின் தீர்மானத்தை மாற்றவும் இரத்துச் செய்யவும் இந்த நியாயசபைக்கு அதிகாரம் உண்டு. நடைமுறை எளிது, செலவும் குறைவு. சம்பளத் திகதியைப் பற்றிய தனிநபர் பிணக்கு ஒன்றுக்கு இதுவே பொருத்தமான இடம் என்று நான் கருதுகிறேன்.

தீர்மானத்தை எடுத்தது அமைச்சின் செயலாளரோ, தாபனப் பணிப்பாளர் நாயகமோ, திறைசேரியோ, திணைக்களத் தலைவரோ ஆகி, அது ஒரு சுற்றறிக்கையைப் பிரயோகிப்பது தொடர்பானதாயின், 140 ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை (ரிட்) கோரலாம். தவறான தீர்மானத்தை இரத்துச் செய்ய உறுதிகேள் எழுத்தாணையும், சரியான படியில் வைக்குமாறு பணிக்க மண்டாமுஸ் எனப்படும் ஆணையீட்டு எழுத்தாணையும் பெரும்பாலும் சேர்த்தே கோரப்படுகின்றன. ஒரு மாதக் காலக்கெடு இங்கே இல்லை. ஆனால் விளக்கமளிக்கப்படாத தாமதம் மனுவைக் கொன்றுவிடும். சில மாதங்களுக்கு மேல் சென்றால் ஒவ்வொரு மாதத்துக்கும் காரணம் சொல்ல ஆயத்தமாக இருங்கள்.

மேல் மாகாண சபையின் கீழுள்ள பாடசாலைகளிலும் அலுவலகங்களிலும் பணியாற்றுவோர் மாகாண பொதுச் சேவை ஆணைக்குழுவின் கீழ் வருகிறார்கள். மாகாண விடயங்கள் தொடர்பில் 154பி (154P) உறுப்புரையின் கீழ் மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் எழுத்தாணை வழங்கும் அதிகாரம் உண்டு. உங்கள் பாடசாலை தேசிய பாடசாலையா மாகாணப் பாடசாலையா என்ற ஒரு விடயமே மன்றை மாற்றிவிடும்.

ஏற்கெனவே ஏற்றுக்கொள்ளப்பட்டு, தொகையும் கணக்கிடப்பட்டு, ஆனால் கொடுக்கப்படாத நிலுவைக்கு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கிடலாம். அதற்கு முன்னர் குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 461 ஆம் பிரிவின்படி ஒரு மாத முன்னறிவித்தல் கொடுத்தாக வேண்டும். தொழில் நியாயசபைக்கு அரச உத்தியோகத்தர் செல்ல முடியாது, கைத்தொழில் பிணக்குகள் சட்டம் தொழில்தருநர் என்ற வகையில் அரசுக்குப் பொருந்துவதில்லை. கூட்டுத்தாபன ஊழியர்களின் நிலை இதிலிருந்து வேறுபட்டது.

மனுவை ஆயத்தப்படுத்துதல்

சட்டத்தரணியிடம் செல்லும்போது திகதி வரிசையில் எழுதிய ஒரு பக்கக் குறிப்பையும் படிநிலை அட்டவணையையும் கொண்டு செல்லுங்கள். பொது நிருவாகச் சட்டத்தில் பழக்கமுள்ளவரைத் தேடுங்கள். வசதி இல்லாதவர்கள் புதுக்கடை மேல் நீதிமன்றக் கட்டடத் தொகுதியிலுள்ள சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம், ஆயினும் அங்கு வருமான எல்லை உண்டு. பலர் ஒரே முரண்பாட்டுக்கு உள்ளாகியிருந்தால் ஒரே மனுவில் சேர்ந்து செலவைப் பகிர்ந்துகொள்ளலாம். அவ்வாறு சேரும்போது எல்லோருடைய நியமனத் திகதியும் தகைமையும் ஒத்திருக்கிறதா என்று பாருங்கள். ஒருவருடைய பலவீனம் மற்றவர்களின் மனுவையும் இழுத்துக்கொண்டு போகும்.

எழுத்தாணை மனுவோடு தொடர்புடைய ஆவணங்களின் மூலப்பிரதிகளோ உறுதிப்படுத்திய பிரதிகளோ இணைக்கப்பட வேண்டும் என்பது மேன்முறையீட்டு நீதிமன்ற விதி. பீ1, பீ2 என்று குறியிடப்படும் இவ்வாவணங்களில் ஒன்று விடுபட்டாலும் எதிர்த்தரப்பு ஆரம்ப ஆட்சேபனை எழுப்பும். உயர் நீதிமன்றத்திலும் மேன்முறையீட்டு நீதிமன்றத்திலும் மனுக்கள் நடைமுறையில் ஆங்கிலத்திலேயே தயாரிக்கப்படுவதால், தமிழிலும் சிங்களத்திலும் உள்ள கடிதங்களுக்குச் சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரின் மொழிபெயர்ப்பைப் பெற முன்கூட்டியே ஒழுங்கு செய்யுங்கள். ஒரு மாதத்தில் ஒரு வாரத்தை இதுவே விழுங்கிவிடும்.

சத்தியக் கடதாசியை இலேசாக எடுத்துக்கொள்ளாதீர்கள். அது உங்கள் வாக்குமூலம். ஆங்கிலம் சரளமாக விளங்காதவராயின், ஒவ்வொரு பந்தியையும் தமிழில் வாசித்து விளக்கச் சொல்லுங்கள், அவ்வாறு விளக்கப்பட்டதென்ற குறிப்பும் கையொப்பமிடும் இடத்தில் இருக்க வேண்டும். சமாதான நீதவான் அல்லது சத்தியப் பிரமாண ஆணையாளர் முன்னிலையில், அவர் பார்த்திருக்கவே கையொப்பமிடுங்கள். இந்துக்களும் பௌத்தர்களும் முஸ்லிம்களும் உறுதியுரை செய்வார்கள், கிறிஸ்தவர்கள் சத்தியம் செய்வார்கள். தொடக்கத்தில் ஒன்றும் முடிவில் மற்றொன்றும் எழுதப்பட்டிருந்தால் அதையும் ஆட்சேபனையாக எடுப்பார்கள்.

எதிர்மனுதாரர்களாகத் தீர்மானம் எடுத்தவர் முதல், சம்பளத்தைத் திருத்துவதற்கு எவருடைய ஒப்புதல் தேவையோ அவர் வரை எல்லோரும் பெயரிடப்பட வேண்டும். செயலாளரை மட்டும் சேர்த்து, சம்பள ஆணைக்குழுவையும் திறைசேரிச் செயலாளரையும் விட்டுவிட்டால், வென்ற பின்னரும் கட்டளையை நிறைவேற்ற ஆளிருக்காது. சட்டமா அதிபர் கட்டாயம் சேர்க்கப்படுவார். உங்கள் வெற்றியால் முதுநிலை பாதிக்கப்படக்கூடிய சக உத்தியோகத்தர்களையும் சேர்க்க வேண்டியிருக்கும். இது மனதுக்குச் சங்கடமான காரியம், ஆனால் அவர்கள் இல்லாத மனு அவசியமான தரப்பினரைச் சேர்க்கவில்லை என்ற காரணத்தாலேயே தள்ளுபடியாகலாம். அவர்களிடம் முன்கூட்டியே நேரில் சொல்லிவிடுங்கள்.

உங்களுக்குப் பாதகமான கடிதம் ஒன்று இருந்தால் அதை மறைக்காதீர்கள். முழு உண்மையையும் நல்லெண்ணத்தோடு முன்வைக்காத மனுதாரரை, அவருடைய உரிமை எவ்வளவு வலுவானதாயினும், நீதிமன்றம் கேளாமலே அனுப்பிவிடும். முன்னர் சம்பளம் திருத்தப்பட்டு நீங்கள் சம்மதக் கடிதம் கொடுத்திருந்தால் அதைச் சொல்லி, எந்தச் சூழ்நிலையில் கொடுத்தீர்கள் என்பதையும் சொல்லுங்கள்.

கோரும் நிவாரணத்தை எழுதுவதில் அதிக நேரம் செலவிடுங்கள். “நீதி வழங்குக” என்பது நிவாரணமன்று. எந்தத் திகதியிட்ட கடிதம் இரத்தாக வேண்டும், எந்தத் திகதியிலிருந்து எந்த அளவுத்திட்டத்தின் எந்தப் படியில் வைக்கப்பட வேண்டும், நிலுவை எத்திகதி முதல் கொடுக்கப்பட வேண்டும் என்று தனித்தனியே கேளுங்கள். ஏற்கெனவே கொடுத்த சம்பளத்தைத் திணைக்களம் தவணையாக அறவிடத் தொடங்கியிருந்தால், வழக்கு முடியும்வரை அதை நிறுத்தும் இடைக்காலக் கட்டளையையும் கேளுங்கள். மாதச் சம்பளத்தில் வாழும் குடும்பத்துக்கு இறுதித் தீர்ப்பைவிட இதுவே முதலில் உதவும்.

வழக்கு நடக்கும்போதும் அதன் பின்னரும்

அடிப்படை உரிமை மனு நேரே விசாரணைக்குப் போவதில்லை. குறைந்தது இரண்டு நீதியரசர்கள் முன் அது ஆதரித்து வாதிடப்பட்டு, மேற்செல்ல அனுமதி பெற வேண்டும். எழுத்தாணை மனுவிலும் எதிர்த்தரப்புக்கு அறிவித்தல் அனுப்புவதற்கே ஒரு தடவை வாதிட வேண்டியிருக்கும். இந்நாட்களில் அரச சட்டத்தரணி, திணைக்களத்தோடு பேசி ஒரு தீர்வுக்கு வர அவகாசம் கேட்பது வழமை. தீர்வு நியாயமானதாயின் ஏற்றுக்கொள்ளுங்கள், ஆண்டுக்கணக்கில் காத்திருப்பதைவிட அது மேல். ஆனால் திகதியும் படியும் தொகையும் வழக்கேட்டில் பதியப்படாமல் மனுவை மீளப் பெறாதீர்கள். வாய்மொழி உறுதியை நம்பி மீளப் பெற்ற பின்னர் உத்தியோகத்தர் இடமாற்றம் பெற்றுப் போய்விட்டால், புதியவரிடம் நீங்கள் மீண்டும் முதலாவது கடிதத்திலிருந்து தொடங்க வேண்டியிருக்கும்.

மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் வென்றால், ஆறு வாரங்களுக்குள் அரசு உயர் நீதிமன்றத்தின் விசேட அனுமதியைக் கோரலாம். தோற்றாலும் உங்களுக்கு அதே வாய்ப்பு உண்டு.

தீர்ப்பின் உறுதிப்படுத்திய பிரதியைப் பெற்றவுடன், அதை நீங்களே திணைக்களத் தலைவருக்கும், செயலாளருக்கும், கணக்காளருக்கும் இணைப்புக் கடிதத்துடன் கையளித்து, திருத்திய சம்பள மாற்றக் கடிதத்தையும் ஆண்டுவாரியான நிலுவை அட்டவணையையும் எழுத்தில் கேளுங்கள். நீதிமன்றக் கட்டளையைப் புறக்கணிப்பது அவமதிப்பாகும், அதற்கெனத் தனியே 2024 ஆம் ஆண்டின் 8 ஆம் இலக்கச் சட்டமும் இப்போது உள்ளது. ஆயினும் தாமதத்துக்குப் பெரும்பாலும் காரணம் பிடிவாதமன்று, கணக்குப் பார்க்கும் மேசையின் சுணக்கமே. ஆகவே முதலில் நினைவூட்டற் கடிதம், பிறகு சட்டத்தரணியின் கடிதம், அதன் பின்னரே அவமதிப்பு மனு என்ற ஒழுங்கில் செல்லுங்கள்.

நிலுவை வந்ததும் கணக்கு முடிந்துவிட்டதென்று விட்டுவிட வேண்டாம். விதவைகள், அநாதைகள் ஓய்வூதியப் பங்களிப்பு திருத்திய சம்பளத்துக்கு ஏற்பக் கழிக்கப்பட்டுள்ளதா, சேவை வரலாற்றுத் தாளில் புதிய படி பதியப்பட்டுள்ளதா என்பதைப் பாருங்கள். வழக்கு நடந்துகொண்டிருக்கையில் ஓய்வு பெற்றுவிட்டவர்கள், மாளிகாவத்தையிலுள்ள ஓய்வூதியத் திணைக்களத்துக்குத் திருத்திய விபரங்களை முன்னாள் திணைக்களத்தின் ஊடாக அனுப்பி, ஓய்வூதியத்தையும் பணிக்கொடையையும் மீளக் கணிக்கச் செய்ய வேண்டும். அந்த மீள்கணிப்பு தானாக நடப்பதில்லை, எழுத்தில் கேட்டால்தான் நடக்கும்.